பாலாற்றங்கரையில் கழிவும் சட்டமும்

வாணியம்பாடியும் ஆம்பூரும் மேல்விஷாரமும் இராணிப்பேட்டையும் தோலுக்குப் பேர்பெற்ற ஊர்களானதற்குப் பாலாறு ஒரு முக்கிய காரணம். ஆண்டின் பெரும்பகுதி வெறும் மணலாகவே காட்சியளித்தாலும், மணலுக்கடியில் ஊற்று வற்றாதிருந்த அந்த ஆற்றை நம்பித்தான், கிலோத் தோலுக்கு 30, 40 லிட்டர் ஜலம் கேட்கும் இந்தத் தொழில் அங்கே வேரூன்றியது.

முற்காலத்துத் தோல் ஷாப்புகளில் காரியம் நிதானமாக நடந்தது. உப்பிட்டு வந்த பச்சைத்தோலை நீரில் ஊறப்போட்டு, சுண்ணாம்புத் தொட்டியில் பல நாள் கிடத்தி, வளைந்த கத்தியால் மயிரைச் சீவி, ஆவாரம்பட்டைச் சாற்றில் வாரக்கணக்காக மாற்றி மாற்றி ஊறவைத்து, முடிவில் கடுக்காய்ச் சாறும் ஏற்றி எடுத்தார்கள். அத்தொழிலும் உப்பையும் சுண்ணாம்பையும் துர்நாற்றத்தையும் வெளியே விடத்தான் செய்தது. ஆனால் 1939-ஆம் ஆண்டின் சென்னைப் பொதுச் சுகாதாரச் சட்டம் போன்ற அக்காலத்துச் சட்டங்களின் பார்வையில், இத்தகைய கழிவு அண்டை அயலாருக்கு நேரும் உபத்திரவமாகவே இருந்தது. மண்ணுக்குள் இறங்கித் தலைமுறைகளைக் கடந்து நிற்கும் விஷம் ஒன்று உண்டு என்ற எண்ணம் அன்று சட்டத்துக்கு எட்டவில்லை.

அந்த விஷத்துக்கு வழி திறந்தது குரோமியம். இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் ஆல்பிரட் சாட்டர்டன் என்ற அதிகாரி சென்னைக் கலைப்பள்ளியில் குரோமியப் பதனீட்டைப் பரீட்சித்துப் பார்த்தபோது, அவர் மனத்தில் இருந்த உபயோகங்களில் ஒன்று, கவலை இறைக்கும் குடியானவனுக்கு நீரில் எளிதில் அழுகாத தோற்சால் செய்து கொடுப்பது. கிணற்று நீரை வயலுக்கு ஏற்றவென்று விரும்பப்பட்ட அதே முறை, முக்கால் நூற்றாண்டுக்குப் பின் கிணற்றையும் வயலையும் சேர்த்துக் கெடுத்த சரித்திரத்தை எண்ணும்போது நெஞ்சு கனக்கிறது. 1970-களில் மத்திய சர்க்கார் அரைகுறையாகப் பதனிட்ட தோலின் ஏற்றுமதியைக் கட்டுப்படுத்தி, முழுவதும் பக்குவப்படுத்திய சரக்கையே ஊக்குவித்ததும், வாரக்கணக்கில் நடந்த வேலையை ஏறக்குறைய ஒரே நாளில் முடிக்கும் குரோமிய முறை பள்ளத்தாக்கு முழுவதும் பரவியது. சுழலும் மரப்பீப்பாயில் போட்ட குரோமிய உப்பில் மூன்றில் ஒரு பங்கு வரை தோலில் பற்றாமல் கழிவு நீரோடு போய்விடும்; அந்நிய நாணயம் வந்த வேகத்திலேயே அந்த நீரும் ஏரிகளிலும் ஆற்று மணலிலும் இறங்கியது.

நீர் மாசைத் தடுக்கும் சட்டம் 1974-லேயே இயற்றப்பட்டிருந்தது. 1984 டிசம்பரில் போபாலில் நேர்ந்த மகா விபத்து 1986-இல் சுற்றுச்சூழல் பாதுகாப்புச் சட்டத்தைப் பிறப்பித்தது. அதன் கீழ் 1989 ஜூலையில் வெளியான விதிகள், அபாயகரமான கழிவுகளை 18 வகைகளாகப் பிரித்து, அவற்றைக் கையாளவும் ஒழிக்கவும் ஆலை நடத்துபவரே பொறுப்பு என்று முதன்முதலாக வரையறுத்தன. கழிவை ஒழிக்கும் இடங்களைத் தேர்ந்து தரும் கடமை மாநில சர்க்காருடையதாயிற்று. ஆயினும் கும்மிடிப்பூண்டியில் அத்தகைய பாதுகாப்பான புதைகுழி உண்டாக ஏறக்குறைய இருபது ஆண்டுகள் பிடித்தன. விதியில் எழுதிய இடம் பூமியில் இல்லாத அந்தக் காலத்தில், கழிவு கிடந்த இடத்திலேயே கிடந்தது.

தோல் ஆலைகளின் இந்த மாசை எதிர்த்து 1991-இல் வேலூர்க் குடிமக்கள் நல மன்றம் சுப்ரீம் கோர்ட்டை அணுகியது. 1996 ஆகஸ்ட் 28 அன்று நீதிபதி குல்தீப் சிங் எழுதிய தீர்ப்பு, ஏறத்தாழ 35,000 ஹெக்டேர் விளைநிலம் முழுவதுமாகவோ ஓரளவோ சாகுபடிக்கு உதவாமற் போயிற்று என்ற வேளாண் ஆராய்ச்சியாளரின் கணிப்பை எடுத்துக் காட்டி, மாசு செய்தவனே அதற்கான முழுச் செலவையும் ஏற்க வேண்டும் என்பதும், ஆபத்து வருமுன்பே காக்க வேண்டும் என்பதும் இந்நாட்டுச் சட்டத்தின் அங்கங்களே என்று பிரகடனம் செய்தது. ஒவ்வொரு தோல் ஆலையும் 10,000 ரூபாய் அபராதம் கட்டவும், நஷ்டத்தை மதிப்பிட ஓர் அதிகார மண்டலி அமையவும், சுத்திகரிப்புச் சாதனம் அமைக்காத ஆலைகள் மூடப்படவும் உத்தரவாயிற்று. பாலாற்றுக் கிணறுகளின் துன்பத்திலிருந்து பிறந்த இந்த நியாயமே பின்னால் தேசத்தின் எத்தனையோ வழக்குகளுக்கு ஆதாரமாயிற்று.

இங்கே ஒரு விஷயத்தைக் கூர்ந்து நோக்க வேண்டும். பொதுச் சுத்திகரிப்பு நிலையத்தில் கழிவு நீரோடு சுண்ணாம்பைச் சேர்த்தால் குரோமியம் திரிந்து அடியில் படிகிறது. தெளிந்த நீர் ஒரு புறம் போக, சாம்பலும் பச்சையும் கலந்த பிசுபிசுப்பான சேறு மறுபுறம் குவிகிறது. நீருக்காக இயற்றிய சட்டம் எவ்வளவு நன்றாக நிறைவேறியதோ, அவ்வளவுக்குச் சேறும் பெருகிற்று. அதை எங்கே கொண்டுபோய் வைப்பது என்ற கேள்விதான் அபாயக் கழிவுச் சட்டத்தின் உண்மையான சோதனை என்பது என் அபிப்பிராயம். 2015 ஜனவரி இறுதியில் இராணிப்பேட்டையில், சுத்திகரிப்பு நிலையம் ஒன்றின் சேற்றுத் தொட்டிச் சுவர் இரவு வேளையில் இடிந்து, பக்கத்து ஆலையில் உறங்கிக்கொண்டிருந்தவர்கள் மீது சேறு பாய்ந்தது. பத்துப் பேர் மாண்டார்கள், அவர்களில் பெரும்பாலோர் மேற்கு வங்கத்திலிருந்து பிழைப்புத் தேடி வந்தவர்கள். மறு ஆண்டு திருத்தி வெளியிடப்பட்ட விதிகள், அபாயக் கழிவை ஆலையில் 90 நாளுக்கு மேல் சேர்த்து வைக்கக் கூடாது என்றும், அது ஓரிடத்திலிருந்து இன்னோரிடத்துக்குப் போகும்போதெல்லாம் ஏழு பிரதிகள் கொண்ட சீட்டு உடன்செல்ல வேண்டும் என்றும் கூறுகின்றன.

அதே இராணிப்பேட்டையில், தோல் ஆலைகளுக்கு வேண்டிய குரோமிய உப்புகளைச் செய்துவந்த ஒரு தொழிற்சாலை 1990-களில் மூடப்பட்டபோது, லட்சம் டன்னுக்கும் அதிகமான கழிவு அதன் வளாகத்தில் விடப்பட்டது. தாதுவைச் சோடாவோடு வறுத்தபின் எஞ்சிய அந்தக் குவியலில் இருப்பது நீரில் எளிதில் கரையும் கொடிய வகைக் குரோமியம். மழை பெய்தால் அருகில் கசியும் நீர் மஞ்சளாகிறது. விதிகள் ஆலை நடத்துபவரைப் பொறுப்பாளியாக்குகின்றன. நடத்துபவர் போன பின்பு அந்தப் பொறுப்பைச் சுமக்க ஆள் இல்லை. ஆகவே மாசு செய்தவனே செலவை ஏற்க வேண்டும் என்ற நியாயம் பிறந்த அதே பள்ளத்தாக்கில், அந்தக் குவியலை அகற்றும் செலவு பொதுப் பணத்தின் தலையில் விழுந்திருக்கிறது.