மணிக்கயிறு யார் கையில்?

ஒரு மணி நேரம் என்றால் அறுபது நிமிடம். மார்கழியானாலும் சித்திரையானாலும் அதன் அளவு மாறாது என்பதில் நமக்கு ஐயம் எழுவதேயில்லை. ஆயினும் மனித வரலாற்றின் நெடும்பகுதியில் மக்கள் பொழுதை இவ்வாறு உணரவில்லை. ஐரோப்பாவில் பதினான்காம் நூற்றாண்டு வரை மணி என்பது பருவத்தோடு சேர்ந்து நீண்டது; பருவத்தோடு சேர்ந்து குறுகியது. அந்தக் காலம் எவ்வாறு இருந்தது, எவ்வாறு மறைந்தது என்பதை நாம் சற்று எண்ணிப் பார்ப்போம்.

கதிரவன் எழுவது முதல் மறைவது வரையுள்ள பொழுதை உரோமையர் பன்னிரண்டு பங்காக்கினர். இரவையும் அவ்வாறே பகுத்தனர். கோடையில் பகல் நீளும்போது பங்கும் நீண்டது. உரோமை நகரில் கோடையின் உச்சத்தில் பகலின் ஒரு மணி இன்றைய கணக்கில் ஏறத்தாழ 75 நிமிடம். குளிர்காலத்தின் நடுவில் 45 நிமிடம். திராட்சைத் தோட்ட வேலையாள்கள் உவமையில், மாலை ஐந்து மணிக்கு அழைக்கப்பட்டவர்கள் என்று நாம் இன்று வாசிப்போர் கிரேக்க மூலத்தில் பதினோராம் மணியின் ஆள்கள். ஒளியின் பன்னிரண்டு பங்கில் பத்துக்கு மேல் தீர்ந்த பின்னரே அவர்களுக்கு வேலை கிடைத்தது. மணி என்பது அன்று எண்ணிக்கை மட்டுமன்று. எஞ்சியுள்ள வெளிச்சத்தின் அளவு.

இந்தப் பொழுதைத்தான் துறவு மடங்கள் செபத்தால் நிரப்பின. ஆறாம் நூற்றாண்டில் புனித பெனடிக்ட் எழுதிய ஒழுங்கு, குளிர்காலத்தில் இரவின் எட்டாம் மணிக்குத் துறவியர் எழ வேண்டும் என்கிறது. செபவேளையை அறிவிக்கும் பொறுப்பு மடத்தலைவருடையது. அதைக் கவனமுள்ள ஒரு சகோதரரிடம் அவர் ஒப்படைக்கலாம். ஞாயிறன்று எழுவதற்குத் தாமதமானால் வாசகங்களைச் சுருக்கிக்கொள்ளவும் அவ்வொழுங்கில் இடமுண்டு. அதே நூற்றாண்டில் தூர் நகர் ஆயர் கிரகோரி, விண்மீன்களின் போக்கைக் கண்டு இரவு செபத்தின் நேரத்தை அறியும் வழியை ஒரு நூலாகவே எழுதினார். பின்னர் நீர்க்கடிகாரங்கள் துணைக்கு வந்தன. 1198-இல் இங்கிலாந்தின் பரி புனித எட்மண்டு மடத்தில் தீப்பற்றியபோது, அதை அணைப்பதற்குத் துறவியர் ஓடி நீர் முகந்தது மடத்துக் கிணற்றிலிருந்து மட்டுமன்று, கடிகாரத்திலிருந்தும்தான்!

பதிமூன்றாம் நூற்றாண்டின் இறுதியில் பற்சக்கரங்களால் இயங்கும் கடிகாரம் தோன்றியது. இரவில் தவறாமல் எழுந்து செபிக்க வேண்டும் என்ற மடங்களின் தேவை அதன் பிறப்புக்கு ஒரு தூண்டுதல் என வரலாற்றாசிரியர் பலர் கருதுவர். 1336-இல் இத்தாலியின் மிலான் நகரில் ஓர் ஆலயக் கோபுரக் கடிகாரம் இரவும் பகலுமாக இருபத்து நான்கு மணிகளையும் அடித்து ஒலித்தது. சம அளவுள்ள மணி இவ்வாறு நகரின் காதுகளுக்கு எட்டியது.

ஏறக்குறைய அதே வேளையில் வேறொரு மணியும் ஒலிக்கத் தொடங்கியது. 1335-இல் பிரான்சின் அமியேன் நகரத்தார் தங்கள் அரசரிடம் ஓர் அனுமதி பெற்றனர். தொழிலாளர் காலையில் எப்போது வேலைக்குச் செல்வது, எப்போது உண்பது, உண்டபின் எப்போது திரும்புவது, மாலையில் எப்போது விடுவது என்பதை அறிவிக்கத் தனியொரு மணி வேண்டும். அதன் ஒலி மற்ற மணிகளின் ஒலியினின்று வேறுபட வேண்டும். இந்த வேலை மணிக்கு முதலில் கடிகாரம் தேவைப்படவில்லை. ஆனால் கடிகாரம் வந்ததும், ஒளியின் பங்காக இருந்த பொழுது எண்ணி விற்கவும் எண்ணி வாங்கவும் கூடிய சரக்காயிற்று. வட்டி வாங்குவோர் இறைவனுக்கு உரியதான காலத்தை விற்கின்றனர் என்று இறையியலார் முன்னரே கண்டித்திருந்தனர். நெசவுத் தொழில் நகரங்களில் வேலை மணி பகைக்கும் பூசலுக்கும் இலக்காயிற்று. 1367-இல் தெரூவான் நகரின் பேராலயக் குருக்கள் குழு, தொழிலாளர் மணியை இனி என்றும் ஒலிப்பதில்லை என்று தொழிலாளருக்கு வாக்களித்தது.

இவற்றுக்கெல்லாம் கடிகாரமே காரணம் எனலாமா? அவ்வாறு கூறுமுன் கிழக்கே யப்பானை நோக்குவது நல்லது. முத்துக்குளித்துறையில் நற்செய்தி அறிவித்த அதே புனித சவேரியார், 1551-இல் யமகுச்சி நகரின் தலைவர் ஓஉச்சி யோசிதகாவுக்கு ஓர் ஐரோப்பியக் கடிகாரத்தைப் பரிசளித்தார். பகலை ஆறாகவும் இரவை ஆறாகவும் பகுத்து, பருவத்தோடு நீளும் பொழுதைக் கையாண்ட மக்கள் அவர்கள். அவர்கள் தங்கள் பொழுதைக் கடிகாரத்துக்கு ஏற்ப மாற்றவில்லை. பின்வந்த யப்பானியக் கைவினைஞர் கடிகாரத்தையே தங்கள் பொழுதுக்கு ஏற்ப மாற்றினர். சமமற்ற மணிகளைக் காட்டிய அக்கடிகாரங்கள், 1873 சனவரி முதல் நாள் அரசு புதிய நாள்காட்டியை நடைமுறைப்படுத்தும் வரை வழக்கில் இருந்தன. ஆகவே பொறி தானாக எதையும் தீர்மானிப்பதில்லை. அதை எதற்குப் பயன்படுத்துவது என்று மனிதரே தீர்மானிக்கின்றனர்.

பழைய காலத்தைப் பொற்காலம் என்று நாம் போற்றவும் வேண்டியதில்லை. கோடையின் நீண்ட மணிகள் உழவனின் முதுகைத்தான் வளைத்தன. சம அளவுள்ள மணியோ ஒடுக்குவோருக்குக் கருவியானதோடு ஒடுக்கப்பட்டோருக்கும் துணையாயிற்று. 1919-இல் பன்னாட்டுத் தொழிலாளர் அமைப்பு தனது முதல் உடன்படிக்கையிலேயே தொழிற்சாலைகளுக்கு எட்டு மணி நேர வேலைநாளை வகுத்தது. பருவந்தோறும் மணியின் அளவு மாறிய காலத்தில் அந்த எட்டுக்கு உறுதியான பொருள் இருந்திருக்காது.

ஆனால் ஒன்றை நாம் இழந்தோம். பொழுது தரப்படுவது, அது தீரும்போது வேலையும் தீரும் என்ற உணர்வே அது. இன்று விளக்கொளியில் இரவும் பகலாகிறது. கையிலுள்ள தொலைபேசி வீட்டுக்குள்ளும் வேலைக்கு அழைக்கிறது. எந்த மாலையும் நம்மை நிறுத்துவதில்லை. ஒலித்துக்கொண்டிருந்த மணியைத் தொழிலாளரின் பொருட்டு ஒருமுறை நிறுத்த முன்வந்தனர் தெரூவான் குருக்கள். நம் இல்லங்களில், நம் பணியிடங்களில், நமக்குக் கீழ்ப் பணிபுரிவோரின் பொழுதில், மணிக்கயிறு நம் கையில் இருக்கும் இடங்கள் எவை என்று நாமும் எண்ணிப் பார்க்கலாம்.