காலப்பயணக் கருவி (தமிழ்ப் புனைவில்)

காலப்பயணக் கருவி என்பது, ஒருவர் தாம் வாழும் காலத்தை விட்டு முற்காலத்துக்கோ பிற்காலத்துக்கோ செல்லவும், காலத்தின் ஓட்டத்தை நிறுத்தவும் திருப்பவும் துணைசெய்வதாகக் கதைகளில் கற்பிக்கப்படும் பொறி ஆகும். தமிழில் இதன் வரலாறு பெரும்பாலும் திரைப்படத்தின் வழியாகவே அமைந்துள்ளது.

கருவி இல்லாத காலப் பெயர்ச்சி புராணங்களிலேயே உண்டு. மகள் ரேவதிக்கு வரன் கேட்கப் பிரமலோகம் சென்ற ககுத்மி என்னும் அரசன், அங்கு நடந்த இசையைக் கேட்டுவிட்டுத் திரும்புவதற்குள் பூமியில் இருபத்தேழு சதுர்யுகங்கள் கழிந்துவிட்டதாகப் பாகவதம் கூறுகிறது.

பொறி என்ற எண்ணத்தைப் பரவலாக்கியது எச். ஜி. வெல்ஸ் 1895இல் வெளியிட்ட ஆங்கில நாவல். அதே ஆண்டு அக்டோபரில், பார்வையாளர்கள் அசையும் இருக்கைகளில் அமர்ந்து காலத்தில் முன்னும் பின்னும் செல்வதாக உணரத்தக்க ஒரு காட்சிக்கூடத்துக்கு ராபர்ட் பால் என்ற ஆங்கிலேயர் காப்புரிமை கோரி விண்ணப்பித்தார். கூடம் கட்டப்படவில்லை எனினும், பால் பின்னர் பிரிட்டனின் முன்னோடித் திரைப்படக்காரர்களுள் ஒருவரானார் என்பதால், காலக் கருவியும் சினிமாவும் உடன்பிறந்தவை என்று கொள்வது மிகையாகாது.

வெவ்வேறு காலங்களைத் திரையில் இணைத்துக் காட்டியதில் செட்டிநாட்டுக்கும் ஒரு பங்கு உண்டு. காரைக்குடியில் பிறந்த ஏ. வி. மெய்யப்பன் தயாரித்த 'நந்தகுமார்' (1938), ஒரு பொழுதில் ஒருவர் பாடியதை வேறொரு பொழுதில் வேறொருவர் நடித்த காட்சியோடு இணைக்கும் பின்னணிப் பாடல் முறையைத் தமிழில் முதன்முதலாகக் கையாண்ட படம் என்று பலர் குறிப்பர். பர்மாத் தேக்குத் தூண்களும் ஆத்தங்குடிக் கல் பதித்த தளங்களும் கொண்ட செட்டிநாட்டு வீடுகளோ, எந்தப் பொறியும் இல்லாமலே சென்ற நூற்றாண்டைத் திரையில் காட்ட இன்றளவும் பயன்படுகின்றன.

சிங்கீதம் சீனிவாச ராவின் தெலுங்குப் படமான 'ஆதித்யா 369' (1991), 'அபூர்வ சக்தி 369' என்ற பெயரில் தமிழில் மொழிமாற்றம் பெற்றது. அதில் வரும் கருவி பயணிகளைக் கிருஷ்ணதேவராயர் காலத்துக்கும் 2504ஆம் ஆண்டுக்கும் கொண்டுசெல்கிறது.

ஆர். ரவிக்குமார் இயக்கி 2015 ஜூன் மாதம் வெளிவந்த 'இன்று நேற்று நாளை', காலக் கருவியை மையமாகக் கொண்ட முதல் நேரடித் தமிழ்ப் படம் எனப் பொதுவாகக் குறிப்பிடப்படுகிறது. 2065ஆம் ஆண்டிலிருந்து வரும் கருவி, தொழில் தொடங்கத் துடிக்கும் இளைஞன் ஒருவனிடமும் அவனுடைய சோதிட நண்பனிடமும் சிக்குகிறது. உலகை வெல்லும் வேட்கை இல்லாத அவ்விருவரும், தொலைந்த பொருள்கள் எங்கே போயின என்பதைக் கடந்த காலத்துக்குச் சென்று கண்டு, அதைச் சோதிடமாகச் சொல்லிப் பிழைக்கிறார்கள். கருவிக்கு இவ்வளவு எளிய, நம்பத்தக்க பயனைக் கற்பித்தது இப்படத்தின் தனிச்சிறப்பு. ஆனால் அவர்களுடைய பயணம் ஒன்றின் விளைவாக, இறந்திருக்க வேண்டிய ரவுடி ஒருவன் உயிர் பிழைத்து, நிகழ்காலத்தையே குலைக்கிறான். கடந்த காலத்தில் நேரும் சிறு மாற்றமும் பின்வருவனவற்றையெல்லாம் மாற்றிவிடும் என்ற இந்த இடரின் கடைசி எல்லையே தாத்தா முரண் எனப்படுவது: தன் தந்தை பிறக்குமுன் பாட்டனைக் கொன்றவன், பிறந்திருக்கவே முடியாது.

விக்ரம் கே. குமார் இயக்கி, சூர்யா மூன்று வேடங்களில் நடித்த '24' (2016) படத்தில் கருவி கைக்கடிகாரமாகச் சுருங்குகிறது. அறிவியலாளர் சேதுராமன் செய்த அக்கடிகாரம் 24 மணி நேரத்துக்குள் மட்டுமே காலத்தை நகர்த்தும். சில நொடிகள் உறையவும் வைக்கும். கடிகாரம் பழுதுபார்க்கும் மணியிடம் அது வந்து சேர்வதும், உறைந்து நிற்கும் மழைத்துளியை அவன் விரலால் நகர்த்துவதும் மறக்கவியலாத காட்சிகள். அந்த 24 மணி நேர எல்லையை உடைத்து, இழந்த ஆண்டுகளை மீட்கச் சேதுராமனின் அண்ணன் ஆத்ரேயா முயல்வதே படத்தின் இடர். இப்படம் ஒளிப்பதிவுக்கும் தயாரிப்பு வடிவமைப்புக்கும் தேசிய விருதுகள் பெற்றது. இதனை அறிவியல் புனைவாகக் கொள்வதா, மாயக்கதையாகக் கொள்வதா என்பதில் கருத்து வேறுபாடு உண்டு.

இயற்பியல் இத்தகைய கருவிக்கு அரைகுறை இசைவே தருகிறது. வேகத்துக்கும் ஈர்ப்புக்கும் ஏற்பக் காலம் வேறுபட்டு ஓடும் என்பதை, அணுக்கடிகாரங்களை விமானங்களில் உலகைச் சுற்றவைத்த 1971ஆம் ஆண்டுச் சோதனை காட்டியது. கடந்த காலத்துக்குத் திரும்புவதை இயற்கை விதிகளே தடுக்கும் என்று ஸ்டீபன் ஹாக்கிங் 1992இல் கருதுகோளாக முன்வைத்தார்.

மீண்டும் தமிழ்த் திரைக்கு வந்தால், 2021 நவம்பரில், ஒரே நாள் மீண்டும் மீண்டும் நிகழும் காலச்சுழலை வைத்து 'ஜாங்கோ', 'மாநாடு' ஆகிய இரு படங்கள் சில நாள் இடைவெளியில் வந்தன. வெளியான நாளைக் கொண்டால் முதன்மை 'ஜாங்கோ'வுக்கு உரியது எனினும், பெயர் பெற்றது 'மாநாடு'. பின்னர் 'கணம்' (2022) தாயைக் காக்க விரும்பும் மகனையும், 'மார்க் ஆண்டனி' (2023) கடந்த காலத்தோடு பேசும் தொலைபேசியையும் காட்டின. தனக்கென வகுத்த விதிகளை மீறாமல் கருவியின் பயனையும் கேட்டையும் ஒருங்கே காட்டிய வகையில், இவற்றுள் 'இன்று நேற்று நாளை'யே முதலிடம் பெறத்தக்கது.