1.6-ஐ விட்டு வரமாட்டேன்னு அடம் பிடிச்சவங்க

கவுன்டர்-ஸ்ட்ரைக்னு சொன்னா "எந்த வெர்ஷன்?"னு திருப்பிக் கேக்கற ஒரு கூட்டம் இருக்கு. அவங்க சரித்திரம்தான் இந்தப் பதிவு.

1999-ல மின் லீ, ஜெஸ் கிளிஃப்னு ரெண்டு பேர் ஹாஃப்-லைஃப் மேல ஒட்டுப்போட்டுச் செஞ்ச ஆட்டம் இது. அடுத்த வருஷமே வால்வ் கம்பெனி அதைக் கடைக்குக் கொண்டு வந்துட்டாங்க. 2003 செப்டம்பர்ல 1.6 வந்துச்சு, கூடவே ஸ்டீமும்.

வேடிக்கை என்னன்னா, இன்னிக்குக் கும்பிடற இதே 1.6-ஐ அன்னிக்குத் திட்டித் தீர்த்தாங்க! கேடயம் எதுக்கு, ஸ்டீம் எதுக்கு, எங்களுக்கு 1.5 போதும்னு ஒரே ரகளை. 2004 ஜூலையில வால்வ் பழைய வான் நெட்வொர்க்கை இழுத்து மூடினாங்க. வேற வழியில்லாம நிறைய பேர் மாறினாங்க.

அதே வருஷம் நவம்பர்ல சோர்ஸ் வந்துச்சு. படம் என்னவோ ஜோர்தான். ஆனா உருளுற பீப்பாய் எங்க போய் நிக்கும்னு யாருக்குத் தெரியும்? 1.6-ல எந்தச் சுவர் வழியா குண்டு துளைக்கும், ஏகே-47 எப்படி உதறும்னு கைக்கு மனப்பாடம். வருஷக்கணக்கா பழகின கையை யாருங்க தூக்கிப் போடுவாங்க? அதுவும் இல்லாம 1.6 ஓட்டை கம்ப்யூட்டர்லயும் ஓடும். சோர்ஸுக்குப் புது கிராஃபிக்ஸ் கார்டுக்குக் காசு எடுத்து வைக்கணும் :-)

2005 சிங்கப்பூர் உலக சைபர் கேம்ஸ்ல சோர்ஸ் வச்சாங்க. 2006 மான்சாவுல திரும்பவும் 1.6! ஜெயிச்சது போலந்தோட பென்டகிராம் அணி. அமெரிக்கா கதைதான் பாவம். 2007-ல டிவி லீக் ஒண்ணு சம்பளம் கொடுத்து, 1.6 பசங்களை சோர்ஸுக்கு இழுத்துச்சு. 2008-ல கடையை மூடிட்டாங்க. பசங்க நடுத்தெருவுல. ஐரோப்பா பெரும்பாலும் அசையலை. 2010-ல உக்ரைனோட நாவி அணி பெரிய கோப்பைகளை அள்ளினதும் 1.6-லதான்.

என்னைக் கேட்டா, அடம் பிடிக்க முடிஞ்சதுக்கே ஒரு காரணம் இருக்கு. 1.6-க்கு சர்வர் மென்பொருளை யார் வேணா இறக்கிக்கலாம், நாலு பேர் சேர்ந்தா சொந்தமா ஓட்டலாம். 2012-ல வந்த குளோபல் அஃபென்சிவ்ல ஆட்டம் சேர்க்கிற வேலை பெரும்பாலும் வால்வ் கையில போயிடுச்சு. 2023 செப்டம்பர்ல கவுன்டர்-ஸ்ட்ரைக் 2 வந்தப்போ பழசு இருந்த இடத்துலயே புதுசு வந்து உக்காந்துச்சு. பழைய பதிப்பை மெனக்கெட்டுத் தேடி எடுக்கலாம், ஆனா வால்வ் சர்வர்ல ஆட முடியாது. 1.6 மட்டும் இன்னிக்கும் ஸ்டீம்ல விலைக்குக் கிடைக்குது, சர்வரும் ஓடுது.