மாடவீதிப் பாணர்

பாட்டைத் தாமே யாத்து, தாமே இசையமைத்து, தாமே பாடவும் செய்பவரை ரஷ்யர் ‘பார்டு’ என்பர். அவருள் முதன்மையானவர் புலத் ஒக்குஜாவா (1924–1997). மாஸ்கோவின் அர்பாத் வீதியைப் பாடிப் புகழ்பெற்றவர். அவருடைய பாடல்கள் அச்சேறும் முன்பே ஒலிநாடாவிலிருந்து ஒலிநாடாவுக்குப் படியெடுக்கப்பட்டு நாடெங்கும் பரவின. தமிழில் இவ்வாற்றல் மூன்றும் ஒருங்கே வாய்த்தவரை வாக்கேயகாரர் என்கிறோம். அர்பாத்துக்கு ஒக்குஜாவா எப்படியோ, அப்படியே மயிலாப்பூர் மாடவீதிகளுக்குப் பாபநாசம் சிவன். ஆயின் கவிஞர் வரிசையை எண்ணும்போது அவர் பெயரை நாம் விட்டுவிடுகிறோம்.

அன்றைய தஞ்சை மாவட்டத்துப் போலகத்தில் 1890 செப்டம்பர் 26-இல் பிறந்தவர் இராமய்யா. ஏழு வயதில் தந்தையை இழந்தார். வறுமை காரணமாகத் தாயாருடன் 1899-இல் திருவிதாங்கூர் சென்றது அக்குடும்பம். திருவனந்தபுரத்தில் மலையாளமும் வடமொழி இலக்கணமும் கற்றார். கரமனை நீலகண்ட சிவனின் பாடல்களும் பஜனை மரபும் அவர் உள்ளத்தில் ஊன்றியது அங்கேதான். 1910-இல் தாயார் மறைந்தபின் பாபநாசத்திலிருந்த தமையனாரிடம் வந்து சேர்ந்தார். கோயில் கோயிலாகச் சென்று பாடுவதே தொழிலாயிற்று. திருநீறு துலங்க நின்று பாடிய இளைஞரை ஊரார் ‘பாபநாசம் சிவன்’ என்றழைக்கத் தொடங்கினர். முதற் பாடல் திருவாரூரில், குந்தலவராளி இராகத்தில் பிறந்தது. பாடல்களில் பதித்த முத்திரையோ ‘இராமதாசன்’. பேரும் முத்திரையுமே சைவ வைணவ வழக்கைத் தீர்த்து வைத்துவிட்டன!

மயிலாப்பூருக்குக் குடிபெயர்ந்த பிறகே அவர் வாழ்வின் பெரும்பகுதி தொடங்குகிறது. மார்கழி வைகறையில் சிவன் முன்னே பாடிச் செல்ல, ஒரு கூட்டம் அவரைப் பின்தொடர்ந்து கபாலீசுவரர் கோயிலின் நான்கு மாடவீதிகளையும் வலம் வரும். அங்கே மேடை இல்லை, நுழைவுச்சீட்டு இல்லை. முன்னவர் பாட, பின்னவர் வாங்கிப் பாட வேண்டும். அதனால் அடி சிறியதாக, சொல் எளியதாக, தாளம் நடைக்கு இசைந்ததாக அமைதல் இன்றியமையாதது. இந்த யாப்பை அவருக்குக் கற்பித்தது வீதியே எனலாம். அறுபத்துமூவர் உலாவில் கபாலியின் கோலத்தைக் காட்டும் காம்போதிக் கீர்த்தனை, காட்சியைக் கூட்டத்தின் நடுவில் நின்று கண்டவரது பாட்டு. கபாலியைப் பற்றிய மோகன இராகக் கீர்த்தனை மதுரை மணி ஐயரின் குரலில் நாடெங்கும் பரவியது. அடையாற்றில் ருக்மிணி தேவி நிறுவிய கலாக்ஷேத்திரத்திலும் சிவன் இசை கற்பித்தார். எனினும் அவருடைய மெய்யான பள்ளி வீதிதான்.

திரைப்படத்துக்கு அவர் வந்தது 1934-இல், ‘சீதா கல்யாணம்’ வாயிலாக. கல்கியின் கதையை கே. சுப்ரமணியம் 1939-இல் ‘தியாகபூமி’யாக எடுத்தபோது, சம்பு சாஸ்திரியாக நடித்தவரும் சிவனே. அப்படம் ஆங்கில அரசின் தடைக்கு உள்ளாயிற்று. எம்.கே. தியாகராஜ பாகவதருக்கு ‘அசோக்குமார்’, ‘சிவகவி’, ‘ஹரிதாஸ்’ ஆகிய படங்களில் எழுதிய பாடல்கள் இசைத்தட்டிலும் பாட்டுப் புத்தகத்திலும் ஏறிப் பட்டிதொட்டியெங்கும் சென்றன. 1944-இல் வெளிவந்த ‘ஹரிதாஸ்’ சென்னை பிராட்வே திரையரங்கில் மூன்று தீபாவளிகளைக் கண்டது. அதில் சாருகேசி இராகத்தில் அமைந்த சிருங்காரப் பாட்டைப் பாடித் திரிந்த இளைஞருள் எத்தனை பேருக்கு, அதை எழுதியவர் மார்கழி பஜனைக்காரர் என்பது தெரிந்திருக்கும்? அங்கே ஒலிநாடா செய்ததை இங்கே திரை செய்தது. ஆயின் பாட்டு வளர்ந்த அளவுக்கு ஆக்கியோன் பெயர் வளரவில்லை.

1943-இல் சென்னையில் தமிழ் இசைச் சங்கம் தோன்றியது. மேடையில் பாடத் தமிழ்க் கீர்த்தனங்கள் போதுமான அளவு உண்டா என்று வினவியோருக்குச் சிவன் பாடல்களே ஒரு விடையாக இருந்தன. அவருடைய ‘கீர்த்தன மாலை’யின் முதல் தொகுதி அதற்கு முன்பே, 1934-இல், வெளிவந்துவிட்டது. எனினும் தமிழ்ப் புலமை உலகம் அவரைத் தன்னவராகக் கொள்ளத் தயங்கியது. வடசொல் மிகுதி என்பது ஒரு காரணம். குற்றச்சாட்டு பொய்யன்று, வடசொற்களைத் தொகுத்து அகராதியே செய்தவர் அவர். சில பாடல்களில் தொகைச்சொற்கள் அடுக்கடுக்காக வந்து பொருளை மறைப்பதும் உண்டு. ஆனால் வடசொல் மலிந்த திருப்புகழைப் பாடிய அருணகிரிநாதரை எவரும் புலவர் வரிசையிலிருந்து நீக்கவில்லையே. தாயிடம் பிள்ளை முறையிடுவது போலக் கற்பகாம்பாளிடம் சிவன் பேசும் இடங்களில் வீட்டு வழக்கின் சொற்கள்தாம் முன்நிற்கின்றன.

இத்தயக்கம் புதியதன்று. கோபாலகிருஷ்ண பாரதியார் நந்தன் சரித்திரத்துக்குச் சிறப்புப்பாயிரம் வேண்டியபோது, இலக்கணப் பிழைகளைக் கருதி மகாவித்துவான் மீனாட்சிசுந்தரம் பிள்ளை காலம் தாழ்த்தினார். பின்பு பாரதியார் அதைப் பாடக் கேட்டு உருகிப் பாயிரம் அளித்தார் என்பதை உ.வே.சா. எழுதியுள்ளார். ஏட்டில் படிக்கும்போது குறையெனத் தோன்றியது, பாடக் கேட்டபோது மறைந்தது. சிவன் பாடல்களுக்கும் அந்தச் செவி வேண்டும். அவருடைய இயலை இசையினின்று பிரித்து எடையிட்டால், ஒக்குஜாவாவின் கையிலிருந்து கித்தாரைப் பறித்துக்கொண்டு ‘இப்போது பாடு’ என்பது போலாகும்.

1971-இல் மியூசிக் அகாதெமி அவருக்குச் சங்கீத கலாநிதி விருது அளித்தது. மறு ஆண்டு பத்மபூஷண் கிடைத்தது. 1973 அக்டோபர் முதல் நாள் மறைந்தார். எஞ்சிய பாடல்களைத் தேடித் தொகுத்துச் சுரக் குறிப்புடன் நூலாக்கும் பணி அவர் மகள் ருக்மிணி ரமணியிடம் சேர்ந்தது. மயிலாப்பூரில் சிவன் பெயரால் ஒரு சாலை அமைந்துள்ளது. மார்கழி வைகறையில் மாடவீதிகளில் பஜனைக் குழு இன்றும் வலம் வருகிறது. பின்பாட்டுக்காரர் கையில் ஏடில்லை.