திரையில் விழும் சுட்டு: காணொளிப் பாடமும் உடனுக்குடன் வரையும் கோடும்

சேலம் அம்மாபேட்டைத் தறிக்கூடத்தில் கற்றுத்தருபவர் நீட்டிப் பேசுவதில்லை. "இந்த இழைய இந்தக் கண்ணுல கோரு" என்பார்; விரல் பாவின்மேல் போய் நிற்கும். சொன்னதில் பாதிப் பொருள் அந்த விரலில்தான் இருக்கிறது. ஆனால் துணியில் உருவங்களை நெய்யும் ஜக்கார்டு வடிவமைப்பு இன்று கணினிக்கு வந்துவிட்டது. கட்டத்தாளில் ஒரு கட்டம் என்பது ஒரு பாவிழையும் ஓர் ஊடையும் சந்திக்கும் இடம். நிரப்பிய கட்டத்தில் பாவு மேலெழும். ஒரே அளவுக் கட்டங்கள் திரையெங்கும் நிறைந்திருக்க, காணொளிப் பாடப் பதிவில் ஒரு குரல் "இந்தக் கட்டத்த நிரப்புங்க" என்கிறது. எந்தக் கட்டம்? பார்ப்பவர் தேடி முடிப்பதற்குள் குரல் அடுத்த வரிக்குப் போய்விடுகிறது.

பேசிக்கொண்டே திரையில் வட்டமும் அம்பும் வரைவதைப் பலர் அழகூட்டலாகவே கருதுகிறார்கள். அது தமிழ்ப் பேச்சின் இலக்கணத் தேவை என்பதே இக்கட்டுரையின் வாதம். அ, இ, உ மூன்றையும் தொல்காப்பியம் சுட்டு என்கிறது. 'இது' அண்மை, 'அது' சேய்மை. பேசுபவரும் கேட்பவரும் ஒரே இடத்தில் இருந்தால்தான் இந்த அண்மைக்குப் பொருளுண்டு. காணொளியில் அந்தப் பொது இடம் இல்லை; கோடு அதை உண்டாக்கித் தருகிறது.

பதிவு முடிந்தபின் தொகுப்பாளர் நேர்த்தியான அம்புகளைச் சேர்த்தால் போதாதா? ஆய்வாளர்கள் ஃபியோரெல்லாவும் மேயரும் 2016இல் வெளியிட்ட ஆய்வு இங்கே கவனத்துக்குரியது. டாப்ளர் விளைவுப் பாடத்தில், வரைந்து வைத்த படத்தைப் பார்த்தவர்களைவிட ஆசிரியரின் கை வரைவதைப் பார்த்தவர்கள், கற்றதைப் புதிய கேள்விகளுக்குப் பொருத்துவதில் மேம்பட்டனர். ஆனால் கை தெரியாமல் கோடுகள் மட்டும் தோன்றியபோது அந்தப் பயன் கிடைக்கவில்லை. என் வாதத்துக்கு இது இடையூறுதான், மறைக்க விரும்பவில்லை. ஆனால் அவர்கள் சோதித்தது ஒரு படம் படிப்படியாக உருவாவதை. நெரிசலான திரையில் ஒன்றைத் தனித்துக் காட்டுவது வேறு வேலை. படத்தையே உருவாக்கிக் காட்டும் பாடமென்றால், தாளுக்கு மேலே கைப்பேசியைப் பொருத்திக் கையோடு பதிவுசெய்வதே முறை.

மொழிமாற்றத்தில் சிக்கல் இன்னும் தெளிவாகும். மும்பை ஐஐடியின் ஸ்போக்கன் டியூட்டோரியல் திட்டம் மென்பொருள் பாடங்களைத் தமிழுக்கும் கொண்டுவந்தது. அந்தப் பணி பெரியது. அங்கே காட்சி மாறுவதில்லை, குரல்தான் மாறுகிறது. ஆங்கிலக் கட்டளையில் வினை முதலில் வரும், பொருள் பின்னால் வரும். தமிழில் "சேவ் பட்டனை அழுத்துங்கள்" என்று பொருளே முந்துகிறது. ஆங்கிலப் பேச்சுக்கு இசைய விழுந்த வட்டம் தமிழ்க் குரலுக்குப் பிந்திவிடும். 'இந்த' என்று வாய் தொடங்கும்போதே கோடும் தொடங்க வேண்டும். தமிழில் நினைத்துத் தமிழில் பேசுபவர் தம் கையாலேயே வரைந்தால் அந்த இசைவு தானாக அமையும்.

கருவிக்குப் பஞ்சமில்லை. விண்டோஸில் இலவசமாகக் கிடைக்கும் ஜூம்இட் செயலியில் கண்ட்ரோலும் 2உம் அழுத்தினால் திரை வரைபலகையாகும். ஈ விசை எல்லாவற்றையும் அழிக்கும். அழிப்பது வரைவதைவிட முக்கியம். முந்தைய வாக்கியத்தின் வட்டம் நின்றுகொண்டிருந்தால் அடுத்த 'இது' எதைக் குறிக்கிறது என்பது மறுபடியும் குழம்பும். மவுஸால் தமிழ் எழுத முயல வேண்டாம். 'ணை' போன்ற எழுத்துகளின் சுழிகள் அதில் சிதையும். அடிக்கோடு, வட்டம், அம்பு போதும். எழுத்து தேவையென்றால் தட்டச்சு செய்யலாம்.

சேலத்தில் இந்தியக் கைத்தறித் தொழில்நுட்ப நிறுவனம் இருக்கிறது. விரல் வைத்துக் கற்றுத்தரும் நெசவாளர்கள் அம்மாபேட்டையில் இன்றும் இருக்கிறார்கள். வடிவமைப்புப் பாடங்களை அவர்கள் குரலிலேயே, அவர்களே திரையில் கோடிட்டுக் காட்டும்படி பதிவுசெய்யும் பணியை அந்நிறுவனம் ஏற்க வேண்டும்.