ரத்தான கேஸ் ஏஜென்சி

2002 ஆகஸ்ட் மாதம். காலையில் வங்கிக் கதவு திறந்ததும் மடித்த செய்தித்தாளோடு ஒருவர் என் அறைக்குள் வந்தார். எங்கள் கிளையில் கடன் வாங்கி, ஊருக்கு வெளியே சிலிண்டர் குடோன் கட்டிக்கொண்டிருந்தவர். சுவர் எழும்பிவிட்டது, கூரை இன்னும் போடவில்லை. "எல்லாம் போச்சு சார்" என்றார்.

போனது அவருடையது மட்டுமல்ல. 2000 ஜனவரி முதல் தேர்வு வாரியங்கள் பரிந்துரைத்த பெட்ரோல் பங்க், கேஸ் ஏஜென்சி, மண்ணெண்ணெய் டீலர்ஷிப் எல்லாவற்றையும் வாஜ்பாய் அரசு ஒரே உத்தரவில் ரத்து செய்திருந்தது. 3,000க்கும் மேல். ஆளுங்கட்சிக்காரர்களுக்கும் அவர்களின் உறவினர்களுக்கும் அள்ளிக் கொடுத்துவிட்டார்கள் என்று இந்தியன் எக்ஸ்பிரஸ் பெயர்களோடு எழுதியதன் விளைவு அது. இத்தனைக்கும் அந்த வாரியங்களுக்குத் தலைவர்கள் ஓய்வு பெற்ற நீதிபதிகள்!

கேஸ் ஏஜென்சிக்கு ஏன் இவ்வளவு அடிதடி என்று இன்றைய பிள்ளைகளுக்குப் புரியாது. ஓர் இணைப்புக்குப் பெயர் பதிந்துவிட்டு வருடக்கணக்கில் காத்திருந்த காலம் ஒன்று உண்டு. எம்.பி.யிடம் கூப்பன் கேட்டு அலைந்தவர்களை எனக்குத் தெரியும். அப்படிப்பட்ட பொருளை விற்கும் உரிமை கிடைத்தால் அந்தக் குடும்பத்துக்கு ஆயுளுக்கும் கவலையில்லை.

அமைச்சர் தன் விருப்பப்படி ஒதுக்கும் முறையும் முன்பு இருந்தது. சதீஷ் சர்மா பெட்ரோலிய அமைச்சராக இருந்தபோது அப்படிக் கொடுத்த 15 பெட்ரோல் பங்க்குகளை 1996இல் உச்ச நீதிமன்றம் ரத்து செய்தது. அமைச்சர் தன் கையிலிருந்து 50 லட்சம் ரூபாய் கட்ட வேண்டும் என்றும் சொன்னது. நாங்களெல்லாம் கைதட்டினோம். 1999இல் அந்த 50 லட்சம் உத்தரவை அதே நீதிமன்றம் திரும்பப் பெற்றபோது, அது பலர் கண்ணில் படவே இல்லை.

2002க்கு வருவோம். ரத்தானவர்கள் நீதிமன்றம் போனார்கள். ஓங்கார் லால் பஜாஜ் வழக்கு என்று பெயர். டிசம்பர் 20ஆம் தேதி தீர்ப்பு வந்தது. சிலர் மீது புகார் என்பதற்காக, புகாரே இல்லாதவர்களையும் சேர்த்து நீக்கியது செல்லாது என்றது உச்ச நீதிமன்றம். பத்திரிகையில் அடிபட்ட 413 ஒதுக்கீடுகளை மட்டும் விசாரிக்க, ஓய்வு பெற்ற நீதிபதிகள் எஸ்.சி. அகர்வால், பி.கே. பாஹ்ரி ஆகிய இருவரை நியமித்தது. தகுதியில்லை என்று அவர்கள் சொன்ன ஒதுக்கீடுகளைப் பற்றிய வழக்கு 2007 வரை இழுத்தது.

சரியான தீர்ப்புதான். ஆனால் ஒவ்வொரு கோப்பாகப் பார்க்கும் வேலையை அரசு ஆகஸ்டிலேயே செய்திருக்கலாம். நாலு மாதம் மிச்சமாகியிருக்கும்.

பிறகு நேர்முகத் தேர்வு மதிப்பெண்ணே வேண்டாம், குலுக்கல் போடுவோம் என்று வந்தார்கள். 2009இல் கிராமங்களுக்கென்று வந்த ராஜீவ் காந்தி திட்டத்தில் தகுதியானவர்கள் பெயரைக் குலுக்கிப் போட்டு எடுத்தார்கள். சிபாரிசுக்கு இடமில்லைதான். சண்டை நிலப் பத்திரத்துக்கு நகர்ந்தது. விண்ணப்பித்த அன்று குடோன் நிலம் இவர் பெயரில் இருந்ததா, குத்தகை பதிவானதா, லாரி போகப் பாதை உண்டா என்று, குலுக்கலில் தோற்றவர்கள் வென்றவரின் பத்திரத்தைத் துருவினார்கள். உயர் நீதிமன்றங்களில் இந்த ரகத்தில் எத்தனையோ ரிட் மனுக்கள்.

எங்கள் வாடிக்கையாளரின் பெயர் அந்த 413இல் இல்லை. அடுத்த ஆண்டு குடோனுக்குக் கூரை போட்டார், கடை திறந்தார். நின்றுபோன அந்த நாலு மாதத்துக்கான வட்டியைத் தள்ளுபடி செய்ய முடியுமா என்று கேட்டார். மேலிடத்துக்கு எழுதினேன், முடியாது என்று பதில் வந்தது. அவரே கட்டினார்.