வெஸ்டெரோஸின் ஒழுங்கற்ற பருவங்கள்

வெஸ்டெரோஸின் ஒழுங்கற்ற பருவங்கள் என்பது அமெரிக்க எழுத்தாளர் ஜார்ஜ் ஆர். ஆர். மார்ட்டின் எழுதிவரும் 'எ சாங் ஆஃப் ஐஸ் அண்ட் ஃபயர்' என்னும் கனவுருப்புனைவுப் புதின வரிசையில் இடம்பெறும் ஓர் இயற்கை நிகழ்வு ஆகும். இக்கதை நிகழும் உலகில் கோடையும் குளிர்காலமும் பல ஆண்டுகள் நீடிக்கின்றன. ஒரு பருவம் எப்பொழுது முடியும் என்பதை எவராலும் முன்கூட்டியே கணிக்க இயலாது. வரிசையின் முதல் நூலான 'எ கேம் ஆஃப் த்ரோன்ஸ்' 1996இல் வெளிவந்தது. 2011 வரை வெளிவந்த ஐந்து நூல்களிலும் இந்நிகழ்விற்கான காரணம் விளக்கப்படவில்லை.

தன்மை

புவியில் பருவங்கள் ஆண்டுதோறும் ஒரே ஒழுங்கில் மாறுகின்றன. புவியின் சுழல் அச்சு ஏறத்தாழ 23.4 பாகை சாய்ந்திருப்பதே இதற்குக் காரணமாகும். வெஸ்டெரோஸ் உலகிலும் கோள் சூரியனை ஒருமுறை சுற்றும் காலமே ஓர் ஆண்டு. பன்னிரண்டு நிலவுச் சுற்றுகள் ஓர் ஆண்டாகக் கொள்ளப்படுகின்றன. ஆனால் அவ்வாண்டிற்கும் பருவங்களுக்கும் தொடர்பில்லை.

முதல் நூல் தொடங்கும்போது கோடையின் ஒன்பதாம் ஆண்டு நடைபெறுகின்றது. இரண்டாம் நூலில் அக்கோடை முடிவுறுகின்றது. அது பத்து ஆண்டுகளும் இரண்டு நிலவுச் சுற்றுகளும் பதினாறு நாட்களும் நீடித்ததாகவும், வாழ்வோர் நினைவில் அதுவே மிக நீண்ட கோடை எனவும் கூறப்படுகின்றது. நீண்ட கோடையைத் தொடர்ந்து அதனினும் நீண்ட குளிர்காலம் வரும் என்பது பொதுமக்களின் நம்பிக்கை.

பருவத்தின் கடுமை இடத்திற்கு இடம் வேறுபடும். வடபகுதியில் கோடையிலும் பனி பெய்வதுண்டு. தெற்கே உள்ள டோர்ன் பகுதி பெரும்பாலும் பாலைநிலமாகும்.

பருவ அறிவிப்பு

ஓல்டுடவுன் நகரிலுள்ள சிட்டடெல் என்னும் கல்வி நிலையத்தைச் சேர்ந்த அறிஞர்கள் மெய்ஸ்டர்கள் எனப்படுகின்றனர். நாடெங்கும் உள்ள மெய்ஸ்டர்கள் அனுப்பும் அளவீடுகளை ஒன்றுதிரட்டி ஆராய்ந்த பின்னர், பருவம் மாறிவிட்டது எனச் சிட்டடெல் முடிவு செய்கின்றது. அச்செய்தி வெள்ளை நிறக் காக்கைகள் மூலம் கோட்டைகளுக்கு அனுப்பப்படுகின்றது. இது முன்னறிவிப்பு அன்று. நிகழ்ந்துவிட்ட மாற்றத்தின் அறிவிப்பு மட்டுமே என்பது குறிப்பிடத்தக்கது. ஐந்தாம் நூலின் இறுதியில் குளிர்காலம் வந்துவிட்டதை அறிவிக்கும் வெள்ளைக் காக்கை தலைநகரை வந்தடைகின்றது.

கதையின் காலக்கணக்கில் 281ஆம் ஆண்டு 'பொய் வசந்தத்தின் ஆண்டு' எனப்படுகின்றது. அவ்வாண்டில் குளிர் நீங்கியதாக மக்கள் எண்ணினர். ஆனால் இரண்டு நிலவுச் சுற்றுகள் முடிவதற்குள் குளிர்காலம் திரும்பியது.

மக்கள் வாழ்வில் தாக்கம்

குளிர்காலம் ஈராண்டு நீடிக்குமா, ஆறாண்டு நீடிக்குமா என்பது தெரியாத நிலையில், எவ்வளவு தானியம் சேமிப்பது போதுமானது என்னும் கேள்விக்கு விடை கிடையாது. எனவே ஒவ்வோர் அறுவடையிலும் ஒரு பகுதியை ஒதுக்கி வைப்பது வழக்கமாக உள்ளது. வடபகுதியை ஆளும் ஸ்டார்க் குடியின் முதுமொழியே குளிர்காலத்தின் வருகையை நினைவூட்டுவதாக அமைந்துள்ளது.

அக்குடியின் கோட்டையான விண்டர்ஃபெல் வெந்நீர் ஊற்றுகளின் மேல் கட்டப்பட்டதாகும். அவ்வெந்நீர் சுவர்களின் ஊடாகச் செலுத்தப்பட்டு அறைகள் சூடேற்றப்படுகின்றன. கண்ணாடித் தோட்டங்களில் காய்கறிகள் விளைவிக்கப்படுகின்றன. கோட்டையை ஒட்டிய குளிர்கால ஊர் கோடையில் பெரும்பாலும் வெறிச்சோடிக் கிடக்கும். குளிர்காலத்தில் சுற்றுப்புற மக்கள் அங்கு வந்து தங்குவர். கடுங்குளிரில் உணவு குறையும்போது, முதியவர்கள் வேட்டைக்குச் செல்வதாகக் கூறிப் பனியில் வெளியேறிவிடுவர் எனவும், இளையோருக்கு உணவு எஞ்சவேண்டும் என்பதே அதன் நோக்கம் எனவும் கதையில் கூறப்படுகின்றது.

இப்பின்னணியிலேயே கதையின் அரியணைப் போரைப் புரிந்துகொள்ள வேண்டும். கோடை முடியும் வேளையில் மூளும் அப்போரில் ஆற்றுநிலப் பகுதியின் வயல்கள் எரிக்கப்படுகின்றன. அறுவடை செய்ய வேண்டிய உழவர்கள் படைகளில் மடிகின்றனர். ஐந்தாம் நூலில், வடக்கு எல்லையான பெருஞ்சுவரைக் காக்கும் படையின் தலைவன் ஜான் ஸ்னோ, சேமிப்புக் கிடங்குகளைக் கணக்கிட்டு உணவு போதாது எனக் கண்டு, பிராவோஸ் நகரின் இரும்பு வங்கியிடம் கடன் பெற முயல்கின்றான்.

நெடிய இரவு

பல்லாயிரம் ஆண்டுகளுக்கு முன்னர் ஒரு தலைமுறைக் காலம் நீடித்த இருளும் குளிரும் 'நெடிய இரவு' என வழங்கப்படுகின்றது. அப்பொழுது 'மற்றவர்கள்' எனப்படும் பனி உயிரிகள் வடக்கிலிருந்து படையெடுத்ததாகத் தொன்மக் கதைகள் கூறுகின்றன. ஏறத்தாழ 300 மைல் நீளமும் 700 அடி உயரமும் கொண்ட பெருஞ்சுவர் அதன் பின்னரே எழுப்பப்பட்டதாக நம்பப்படுகின்றது.

விளக்க முயற்சிகள்

2014இல் வெளிவந்த 'தி வேர்ல்டு ஆஃப் ஐஸ் அண்ட் ஃபயர்' நூலில், நிக்கோல் என்னும் மெய்ஸ்டரின் கருத்து தரப்படுகின்றது. பழங்காலத்தில் பருவங்கள் ஒழுங்காகவே இருந்திருக்கலாம் என்பது அவரது வாதம். ஆயினும் அவருக்குச் சான்று கிடைக்கவில்லை.

உண்மை உலக அறிவியலாளர்களும் இதனை விளையாட்டாக ஆராய்ந்துள்ளனர். ஜான்ஸ் ஹாப்கின்ஸ் பல்கலைக்கழக மாணவர்கள் 2013இல் வெளியிட்ட கட்டுரை, இக்கோள் இரு விண்மீன்களைச் சுற்றிவருவதாகக் கொள்கின்றது. கதையில் ஒரு சூரியன் மட்டுமே காணப்படுவது இதற்கு எதிரான வாதமாகும். பிரிஸ்டல் பல்கலைக்கழகத்தின் டான் லண்ட் 2017இல் கணினிக் காலநிலை மாதிரி ஒன்றை உருவாக்கி, கதைமாந்தரான சாம்வெல் டார்லியின் பெயரில் கட்டுரையாக வெளியிட்டார். கோள் சூரியனைச் சுற்றும்போது அதன் அச்சும் திரும்பிக்கொண்டே இருந்து, ஒரே அரைக்கோளம் எப்பொழுதும் சூரியனை நோக்கிச் சாய்ந்திருந்தால், ஒரு பருவம் பல ஆண்டுகள் நீடிக்க முடியும் என அது காட்டுகின்றது.

முன்பு இரண்டு நிலவுகள் இருந்தன எனக் கதையில் வரும் செவிவழிக் கதையை அடிப்படையாகக் கொண்டு, ஒரு நிலவு அழிந்ததால் அச்சு நிலைகுலைந்திருக்கலாம் என வாசகர் சிலர் கருதுகின்றனர். நிலவு இல்லையெனில் புவியின் அச்சுச் சாய்வு 0 முதல் 85 பாகை வரை மாறக்கூடும் என ழாக் லஸ்கரும் உடன் ஆய்வாளர்களும் 1993இல் கணித்துள்ளனர். எனினும் அத்தகைய மாற்றம் மிக நெடுங்காலத்தில் நிகழ்வதாகும்; சில ஆண்டுகளில் பருவம் மாறுவதை அது விளக்காது.

காரணம் வானியல் சார்ந்ததன்று, மாயம் சார்ந்தது என்றும், அது இறுதியில் கதையிலேயே வெளிப்படும் என்றும் மார்ட்டின் கூறியுள்ளார். 2011 முதல் 2019 வரை ஒளிபரப்பான 'கேம் ஆஃப் த்ரோன்ஸ்' தொலைக்காட்சித் தொடர் இப்புதிரை விடுவிக்காமலேயே நிறைவுற்றது.